செம்பனை மரத்தடிப் புல்லில் ஆடு மேய்க்க: படிப்படியான வழிகாட்டி

“இருபது ஆடு வாங்கிவிட்டேன் அண்ணே, இனி எங்கே மேய்க்கலாம்?” மலேசியாவின் பேராக் மாநிலத்தில், எங்கள் சுங்கை சிப்புட் பக்கம் புதிதாக ஆடு வளர்க்க இறங்குகிறவர்கள் என்னிடம் கேட்கும் முதல் கேள்வி பெரும்பாலும் இதுதான். வரிசை தலைகீழாக இருக்கிறது. புல் எவ்வளவு என்று தெரிந்த பிறகுதான் ஆடு எத்தனை என்று முடிவு செய்ய முடியும். இருபதை முதலில் ஓட்டிக்கொண்டு வந்துவிட்டால், நான்கே மாதத்தில் நிலம் மொட்டையாகிவிடும். பிறகு தீவன மூட்டைக்குக் கடன் வாங்க வேண்டியதுதான்.

நாட்டுப்புல் என்று நான் இங்கே சொல்வது விதைக்காமல், நடாமல் தானாக முளைத்து நிற்பவற்றை. அவற்றில் சில தென்னமெரிக்காவிலிருந்து வந்து இந்த மண்ணில் ஊன்றியவை. ஆடு அதையெல்லாம் விசாரிப்பதில்லை. நேப்பியர் தீவனப் புல்லை நட்டு அறுத்துப் போடுவது வேறு வேலை. அதை இங்கே எடுக்கவில்லை.

1. ஆட்டுக்கு முன் வாங்க வேண்டியவை

அரை மீட்டருக்கு அரை மீட்டர் சதுரச் சட்டம் ஒன்று. பிவிசி குழாயில் நீங்களே செய்துகொள்ளலாம். ஐந்து கிலோ வரை காட்டும் கொக்கித் தராசு, அரிவாள், ஒரு நோட்டுப் புத்தகம். சூரிய ஒளியில் இயங்கும் மின்வேலிப் பெட்டியும், ஆடு நுழைய முடியாத வலையும். தண்ணீர்த் தொட்டி, தாது உப்புக் கட்டி.

இந்தப் பட்டியலில் பலரும் விட்டுவிடுவது நோட்டுப் புத்தகம். எந்தப் பகுதியில் எந்தத் தேதியில் ஆடு நுழைந்தது, எப்போது வெளியே வந்தது என்பதை மனத்தில் வைத்துக்கொள்ள முடியாது. மூன்றாவது வாரத்திலேயே குழம்பிவிடும். குழம்பிய பிறகு, புல் வளர்வதற்குள் ஆட்டைத் திரும்ப ஓட்டிவிடுவீர்கள்.

2. அனுமதியும் மருந்துத் தேதியும்

சொந்த நிலம் இல்லையென்றால் செம்பனை (எண்ணெய்ப் பனை) தோட்டத்து அலுவலகத்தில் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். மண்டோர் (வேலை மேற்பார்வையாளர்) தலையாட்டினார் என்பது அனுமதி ஆகாது. அவர் மாற்றலாகிப் போனால் உங்கள் ஆடு அத்துமீறிய ஆடு.

கன்றுச் செம்பனை நிற்கும் இடத்தைக் கேட்காதீர்கள். கீழ் மட்டை ஆட்டுக்கு எட்டும் வரை அது மட்டையைத்தான் கடிக்கும். ஒரு வரிசை கன்று கடிபட்டால் அந்தத் தோட்டத்தின் கதவு உங்களுக்கு மட்டுமல்ல, உங்களுக்குப் பின்னால் வருகிறவருக்கும் சேர்த்துச் சாத்தப்படும்.

அனுமதி கிடைத்ததும் கிராணியிடம் (அலுவலகக் கணக்கரிடம்) மூன்று தேதிகளைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்: களைக்கொல்லி அடிக்கும் தேதி, உரம் போடும் தேதி, எலி மருந்து வைக்கும் தேதி. மூன்றும் ஆட்டைக் கொல்லக்கூடியவை.

மருந்து பட்டு வாடும் செடியை ஆடு தேடிப்போய்த் தின்னும். சாதாரண நாளில் முகர்ந்துவிட்டு ஒதுக்கும் நச்சுச் செடியைக்கூட அப்போது கடித்துவிடும். எத்தனை நாள் கழித்து மேய்க்கலாம் என்று மருந்துப் புட்டியில் எழுதியிருக்கும். எழுதியிருக்காவிட்டால் ஒரு மாதம் அந்தப் பக்கம் நான் போவதில்லை. பாராகுவாட் என்ற களைக்கொல்லிக்கு 2020 ஜனவரி முதல் மலேசியாவில் முழுத் தடை. பழைய புட்டி எங்காவது கொட்டகையில் கிடந்தால் அந்த மருந்து பட்ட புல்லின் பக்கமே ஆட்டை விடாதீர்கள்.

எலி மருந்து மெழுகுக் கட்டியாக மரத்தடியில் வைக்கப்படும். உரத்தில் யூரியாதான் ஆபத்து. உரம் போட்டு முடித்துத் தொழிலாளர்கள் எறிந்துவிட்டுப் போன வெறும் மூட்டையை என் பெட்டை ஆடு ஒன்று நக்கிக்கொண்டு நின்றது. நான் பார்த்து விரட்டியபோது அதன் உதடு துடித்துக்கொண்டிருந்தது. சிறிது நேரத்தில் வயிறு உப்பியது, வாயில் நுரை தள்ளியது, கால்கள் விறைத்தன. கால்நடை மருத்துவரின் வண்டி வந்து சேருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. அன்றிலிருந்து, உரம் போட்ட பகுதிக்குள் ஆட்டை விடும் முன் நான் ஒரு கோணியோடு நடந்து வெறும் மூட்டைகளைப் பொறுக்குகிறேன். நல்ல மழை ஒன்றிரண்டு பெய்து உரம் கரைந்த பிறகே ஆடு உள்ளே போகும்.

3. எது தீனி, எது வெறும் பச்சை

புதியவர்கள் அதிகம் ஏமாறுவது இங்கேதான். தோட்டத்து ஓரத்தில் மூக்குனா கொடி பச்சைக் கடல் போலப் படர்ந்திருக்கும். “இவ்வளவு தீனி இருக்கிறதே” என்று வாயைப் பிளப்பார்கள். மண்ணை மூடுவதற்காகத் தோட்டங்கள் நடும் கொடி அது; கால்நடைகள் அதை விரும்பித் தின்பதில்லை. அந்தக் கடலைக் கணக்கில் சேர்க்காதீர்கள். பெரணிக் காட்டையும் அப்படியே விட்டுவிடுங்கள்.

மரத்தடி நிழலில் நம்பக்கூடியது ரும்புட் பாரிட் (ரும்புட் என்றால் மலாயில் புல்). இலை அகலமாக, தட்டையாக, நுனி மழுங்கி இருக்கும். தரையோடு ஓடி, கணுவுக்குக் கணு வேர்விடும். மிதித்தாலும் கடித்தாலும் திரும்ப எழுந்துவிடும், நிழலையும் பொறுத்துக்கொள்ளும். சத்து நடுத்தரம்தான். ஆனால் வருடம் முழுக்க இருக்கும்.

அதன் பங்காளி ரும்புட் கெர்பாவ். கதிரைப் பார்த்தால் தெரிந்துவிடும்: இரண்டு கைகளை விரித்து நிற்பதுபோல் இரண்டே கிளை. இளசாக இருக்கும்போது நல்ல தீனி. கதிர் விட்டதும் ஆடு முகத்தைத் திருப்பிக்கொள்ளும். விதையின் விளிம்பில் மயிர் இருப்பதால் தொண்டையில் ஒட்டி அடைக்கவும் செய்யும். எனவே இந்தப் புல்லுக்குக் கதிருக்கு முந்திய வாரம்தான் மேய்ச்சல் வாரம்.

வெள்ளையாகவோ இளம் ஊதாவாகவோ பூக்கும் ரும்புட் இஸ்ராயெல் புல்லே அல்ல, செடி. தோட்டக்காரர்களுக்கு அது தலைவலி. மரத்துக்குப் போகும் உரத்தைப் பங்குபோட்டுக்கொள்ளும். ஆட்டுக்கோ அதுதான் விருந்து. புற்களைவிடப் புரதம் மிக அதிகம். “உங்கள் களையை என் ஆடு தின்றுவிடும், அந்தப் பகுதிக்கு மருந்துச் செலவு குறையும்” என்று அலுவலகத்தில் பேச உங்கள் கையில் இருக்கும் நல்ல துருப்புச் சீட்டு இந்தச் செடி. குட்டி போட்ட ஆடுகளை இது நிறைந்த பகுதிக்கு முதலில் விடுங்கள். செலாபுட் துங்குல் கொடியையும் ஆடு தின்னும்.

லாலான் புல் முளைவிட்டு இரண்டு வாரத்துக்கு மட்டுமே தீனி. பிறகு இலை கத்திபோல் முரடாகிவிடும்.

தவிர்க்க வேண்டியவற்றில் முதலாவது உண்ணிச்செடி. கல்லீரலைக் கெடுத்து, வெயில் பட்ட இடமெல்லாம் தோலைப் புண்ணாக்கிவிடும். இரண்டாவது, பலர் நல்ல புல் என்று நம்பும் சிக்னல் புல். மாட்டுக்கு அவ்வளவு தொல்லையில்லை. ஆனால் மலேசியாவில் செம்மறிகளும் வெள்ளாடுகளும் இதைத் தொடர்ந்து தின்று மஞ்சள் காமாலை கண்டு செத்திருக்கின்றன. செம்மறிக்கு ஆபத்து கூடுதல். சாலையோரம் செழிப்பாக நிற்கிறதே என்று அறுத்து வராதீர்கள். மூன்றாவது, தோட்டத் தொழிலாளர்களின் லயத்து வீட்டுக் கொல்லையில் நிற்கும் மரவள்ளி. அதன் பச்சை இலை நிறையத் தின்ற ஆடு சில நிமிடங்களில் மூச்சுத் திணறி விழுந்துவிடும்.

4. சட்டம் எறிந்து எடை பார்த்தல்

நிலத்தில் நடந்துகொண்டே சட்டத்தைத் தோளுக்குப் பின்னால் எறியுங்கள். விழுந்த இடத்தில் சட்டத்துக்குள் இருப்பதை நான்கு விரல் உயரம் விட்டு அறுத்து, ஆடு தின்னாததைப் பொறுக்கி எறிந்துவிட்டு, மிச்சத்தை எடை போடுங்கள். இருபது முறை செய்து சராசரி எடுங்கள்.

பின்னால் எறிவதற்குக் காரணம் உண்டு. முன்னால் எறிந்தால் கை தானாகவே புல் அடர்ந்த இடத்தைத் தேடும். மட்டை அடுக்கின் மேலோ, குலை வெட்டுகிறவர்கள் நடக்கும் பாதையிலோ, வெறும் மண்ணிலோ விழுந்தால் “சுழியம்” என்று எழுத வேண்டும். “இது கணக்கில் இல்லை” என்று மறுபடி எறிகிறவரை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். அவருக்கு நிலத்தில் இருப்பதைவிட இருமடங்கு புல் நோட்டில் இருக்கும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். முற்றிய செம்பனையடியில் சராசரி 80 கிராம் வந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். சட்டம் கால் சதுர மீட்டர். ஆகவே ஒரு சதுர மீட்டருக்கு 320 கிராம் பச்சைப் புல். அதில் பாதியைத்தான் ஆட்டுக்குக் கொடுக்கலாம்: 160 கிராம். மறுபாதி வேருக்கு உணவு செய்யும் இலை. அதையும் தின்னவிட்டால் புல் கிழங்கிலும் தண்டிலும் சேர்த்து வைத்ததைச் செலவழித்துத் துளிர்க்கும். இரண்டு மூன்று முறை அப்படித் துளிர்த்த பிறகு அந்த இடத்தில் ஆடு தொடாத செடிகள்தான் எழும்பும்.

இனி ஆட்டின் பக்கம். 30 கிலோ ஆடு தன் எடையில் ஏறக்குறைய 3 விழுக்காடு உலர்தீனி தின்னும், சுமார் 0.9 கிலோ. பச்சைப் புல்லில் ஐந்தில் நான்கு பங்கு தண்ணீர் என்பதால், நாளுக்கு ஏறத்தாழ 5 கிலோ பச்சைப் புல் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

5. மரத்தை எண்ணிப் பகுதி பிரித்தல்

நிலத்தை அளக்க நாடா தேவையில்லை. ஒன்பது மீட்டர் முக்கோண இடைவெளியில் நட்ட செம்பனையில் ஒரு மரத்துக்கு ஏறக்குறைய 70 சதுர மீட்டர் நிலம் வரும். மேலே பார்த்த 160 கிராம் கணக்கில் ஒரு மரத்தடி 11 கிலோ தீனி. அதாவது ஒரு மரத்தடி, இரண்டு ஆட்டுக்கு ஒரு நாள். மரத்தை எண்ணத் தெரிந்தால் போதும்.

ஒரு பகுதியில் மூன்றரை நாளுக்கு மேல் ஆட்டை வைக்காதீர்கள். ஒரு பகுதிக்குள் ஆடு நுழைந்த நாளிலிருந்து 35 நாள் கழிந்துதான் அங்கே திரும்பி வாருங்கள். பத்துப் பகுதி, பகுதிக்கு மூன்றரை நாள். இந்த எண்ணிக்கை புல்லுக்காக மட்டும் வந்ததல்ல, குடற்புழுவுக்காகவும் வந்தது.

ஆட்டின் இரத்தம் குடிக்கும் வயிற்றுப் புழு முட்டையிட்டு, முட்டை புழுக்கையோடு விழுந்து, நம் ஊர் வெப்பத்திலும் ஈரத்திலும் நான்கு முதல் ஏழு நாளுக்குள் தொற்றக்கூடிய புழுக்குஞ்சு ஆகிவிடும். மூன்றரை நாளில் ஆட்டை எடுத்துவிட்டால், அது தன் புழுக்கையிலிருந்து வந்த குஞ்சைத் தானே தின்னாது. அதே வெப்பமும் ஈரமும் குஞ்சுகளைச் சீக்கிரமே சாகவும் அடிக்கும். ஐந்து வாரத்தில் பெரும்பாலானவை போய்விடும். குளிர்நாட்டில் மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டியதற்கு இங்கே 35 நாள் போதும் என்பது நமக்குக் கிடைத்த அதிர்ஷ்டம். இதைப் பயன்படுத்தாமல் மாதாமாதம் புழு மருந்து ஊற்றுகிறவர்கள், சில வருடங்களில் மருந்துக்கு அசையாத புழுவை வளர்த்துவிடுகிறார்கள்.

முளையடித்துக் கயிற்றில் கட்டி, தினமும் அதே வட்டத்தில் விடுவது இதற்கு நேர் எதிரான வேலை.

இருபது ஆட்டுக்கு மூன்றரை நாளைக்கு 350 கிலோ தேவை. மரத்துக்கு 11 கிலோ என்றால் பகுதிக்கு 32 மரம். பத்துப் பகுதிக்கு 320 மரம். ஏக்கருக்கு 55 முதல் 60 மரம் என்பதால் ஐந்தரை ஏக்கர் சுமார். உங்களிடம் இருப்பது இரண்டு ஏக்கர் என்றால் ஏழு ஆடு. விரலுக்கேற்ற வீக்கம் என்பது இங்கே எடைத் தராசு சொல்லும் கணக்கு.

வேலிக் கோட்டை முதலில் வெட்டிச் சுத்தம் செய்துவிட்டு வலையைக் கட்டுங்கள். ஈரப்புல் கம்பியைத் தொட்டால் மின்சாரம் மண்ணுக்குள் இறங்கிவிடும். வேலி வெறும் நூலாகிவிடும். ஆடுகளை முதல் இரண்டு நாள் கொட்டகை அருகே சிறு வளையத்தில் வைத்து வேலியைப் பழக்குங்கள். பழக்காமல் தோட்டத்துக்குள் விட்டால், அடி வாங்கிய அதிர்ச்சியில் முன்னால் பாய்ந்து வலையோடு ஓடிவிடும்.

6. எப்போது உள்ளே, எப்போது வெளியே

காலை ஆறு மணிக்கே ஆட்டை ஓட்டிப்போவது சுறுசுறுப்புக்கு அடையாளம் என்று நம் பெரியவர்கள் நினைத்தார்கள். பனி காயும் வரை பொறுங்கள். புல்லின் மேல் இருக்கும் தண்ணீர்ப் படலத்தில் நீந்தித்தான் புழுக்குஞ்சு இலை நுனிக்கு ஏறுகிறது. மரத்தடி நிழலில் பனி தாமதமாகக் காயும். எனக்குப் பத்து மணி. புறங்கையால் புல்லைத் தடவுங்கள், ஈரம் ஒட்டினால் இன்னும் அரை மணி நேரம். செம்பனை நிழல் இருப்பதால் உச்சி வெயிலிலும் ஆடு மேயும். நேரத்தை இழந்துவிட்டோம் என்ற கவலை வேண்டாம்.

வெளியே எடுப்பதற்கு அளவு நான்கு விரல். தரையில் கையைப் பக்கவாட்டில் நிறுத்துங்கள். புல் கைக்குக் கீழே போய்விட்டால், மூன்றரை நாள் ஆகாவிட்டாலும் ஆட்டை எடுத்துவிடுங்கள். புழுக்குஞ்சுகளில் பெரும்பகுதி தரையை ஒட்டிய அடிப்பகுதியில்தான் இருக்கும். வாயை அங்கே இறக்கும் ஆடு புல்லையும் கெடுத்துக்கொண்டு புழுவையும் விழுங்குகிறது.

இங்கே செய்யும் தவறு இரக்கத்தால் வருவது. “இன்னும் கொஞ்சம் பச்சை தெரிகிறதே, ஒரு நாள் மேயட்டும்.” அந்த ஒரு நாள், புல் திரும்ப எழுவதை ஒரு வாரத்துக்கு மேல் தள்ளிப்போடும்.

7. ஆடு போன மறுநாள்

ஆடு ஒதுக்கிவிட்டுப் போனதை அன்றோ மறுநாளோ அறுத்துவிடுங்கள். முற்றிய தண்டும் கதிரும் நின்றால் அடுத்த சுற்றில் இளம்புல் அதன் அடியில் மறைந்துவிடும். உண்ணிச்செடியை வேரோடு பிடுங்குங்கள். வெட்டினால் கிளைத்து வரும். பிடுங்கியதை வேலிக்குள் போடாதீர்கள்.

லாலானைக் கொளுத்தாதீர்கள். மேலே எரியும், மண்ணுக்குள் கிழங்கு அப்படியே இருக்கும். போட்டிப் புல்லெல்லாம் கருகிய இடத்தில் அது முதலில் எழும். அறுத்துவிட்டு, முளை வந்ததும் ஆட்டை விட்டு, மறுபடி அறுத்து என்று தொடர்ந்தால் கிழங்கின் சேமிப்பு தீரும். ஒரு வருடமாவது பொறுமை வேண்டும்.

8. மழையும் வெயிலும்

எங்கள் பக்கம் ஏப்ரலிலும் அக்டோபர், நவம்பரிலும் மழை கூடும். ஜனவரி, பிப்ரவரியிலும் ஜூன், ஜூலையிலும் குறையும்.

மழை மாதத்துப் புல்லில் தண்ணீர் அதிகம். வயிறு நிறையும், சத்து நிறையாது. 5 கிலோவுக்குப் பதில் 6 கிலோ என்று கணக்கிடுங்கள். சேற்றில் ஆட்டை இறக்கினால் குளம்பு அழுகும், மண்ணும் இறுகும். விடாமல் பெய்யும் நாளில் பரண் கொட்டகையிலேயே வைத்து, அறுத்து வந்த புல்லைச் சிறிது வாடவிட்டுப் போடுங்கள்.

வறண்ட மாதத்தில் 35 நாளில் புல் எழாது. அப்போது ஒவ்வொரு பகுதியிலும் நாளைக் கூட்டாதீர்கள். பகுதியின் எண்ணிக்கையைக் கூட்டுங்கள். இதற்காகவே பத்துக்கு மேல் இரண்டு பகுதிகளைத் தொடாமல் ஒதுக்கி வைத்திருங்கள். செம்பனைப் பருப்புப் புண்ணாக்கைக் கையளவு துணைக்குக் கொடுக்கலாம். செம்மறி வைத்திருந்தால் கவனம்: அதில் உள்ள செம்புச் சத்து செம்மறியின் கல்லீரலில் தங்கி நஞ்சாகும்.

9. வாரம் ஒரு முறை கண்ணிமை

கீழ் இமையை இழுத்து உள்பக்கம் பாருங்கள். வெற்றிலை போட்ட வாய்போல் சிவந்திருந்தால் நலம். வெளுத்து, ஊறவைத்த பச்சரிசி நிறத்தில் இருந்தால் புழு இரத்தத்தைக் குடித்துக்கொண்டிருக்கிறது. தாடைக்கு அடியில் நீர் கோத்துத் தொங்கினால் நிலைமை முற்றிவிட்டது.

வெளுத்த ஆட்டுக்கு மட்டும் மருந்து கொடுங்கள். எந்த மருந்து, எவ்வளவு என்பதை மாவட்டக் கால்நடைச் சேவை அலுவலகத்தில் கேளுங்கள். ஆட்டை எடை போட்டுவிட்டுப் போங்கள். கண்மதிப்பில் குறைத்து ஊற்றிய மருந்து புழுவைக் கொல்லாது, பழக்கும்.

10. முதல் சுற்று முடிந்ததும்

பத்தாவது பகுதி முடிந்து முதல் பகுதிக்குத் திரும்பும் நாளில் மறுபடி சட்டத்தை எறியுங்கள். தொடக்கத்தில் 80 கிராம் இருந்த இடத்தில் 75, 80 வந்தால் உங்கள் எண்ணிக்கை சரி. 50 வந்தால் ஆடு அதிகம். மரங்கள் வளர வளர நிழல் கூடும், புல் குறையும். ஆகவே சென்ற வருடத்து எண்ணிக்கை இந்த வருடத்துக்குச் செல்லாது. வருடத்துக்கு இரண்டு முறையாவது முழுத் தோட்டத்தையும் எடை பாருங்கள்.

குறைக்க வேண்டியிருந்தால் கிடாக்களையும், அடிக்கடி இமை வெளுக்கும் பெட்டைகளையும் தீபாவளிக்கு முந்திய வாரங்களில் விற்றுவிடுங்கள். அப்போதுதான் நல்ல விலை நிற்கும். ஜனவரி வெயிலில் புல் சுருங்கும்போது கொட்டகையில் தலைகளும் குறைவாக இருக்கும்.